மானிடவியல் கோட்பாடுகளை எங்கே தேடுவது, எந்த வரிசையில் படிப்பது

"மேடம், மாலினோவ்ஸ்கிக்கு நோட்ஸ் இருக்கா?" என்று வாட்ஸ்அப்பில் கேட்பவர்களுக்கு நான் நோட்ஸ் அனுப்புவதில்லை. "அவர் யாருக்குப் பதில் சொல்ல வந்தார்னு பார்த்துட்டு வா, அப்புறம் பேசலாம்" என்பேன். கோபித்துக்கொண்டு போனவர்களும் உண்டு.

யூபிஎஸ்சி முதன்மைத் தேர்வுக்கு மானிடவியலை விருப்பப் பாடமாக எடுத்த பிள்ளைகளுக்கு முதல் தாளின் கோட்பாட்டுப் பகுதியைச் சொல்லிக்கொடுக்கிறேன். பாடத்திட்டத்தில் அது ஆறாவது அலகு. பரிணாமவாதத்துக்கு (சமூகங்கள் படிப்படியாக வளர்கின்றன என்பது) டைலர், மார்கன், ஃப்ரேசர், செயல்பாட்டியத்துக்கு (ஒரு வழக்கம் மக்களுக்கு எதற்குப் பயன்படுகிறது என்று பார்ப்பது) மாலினோவ்ஸ்கி, அமைப்பியலுக்கு (வழக்கங்களுக்கு அடியில் இருக்கும் மன அமைப்பைத் தேடுவது) லெவி-ஸ்ட்ராஸ், லீச். ரேஷன் கார்டில் குடும்ப உறுப்பினர் பெயர்கள் மாதிரி வரிசையாக நிற்கும். அந்த வரிசையை அப்படியே நெட்டுருப் போட்டால் சிறுகுறிப்புக் கேள்வியைச் சமாளிக்கலாம். "விமர்சன நோக்கில் ஆராய்க" என்று வந்தால் பேனா நகராது. இந்தத் துறையில் ஒவ்வொரு கோட்பாடும் முன்னால் பேசிய ஒருவருக்குச் சொன்ன மறுமொழி. யார் யாரை மறுத்தார்கள் என்பது தெரியாமல் விமர்சனம் எழுத முடியாது. அதனால் ஒரு நூலையோ தளத்தையோ பரிந்துரைக்கும் முன் நான் பார்ப்பது ஒன்றுதான்: அதில் அந்தச் சண்டை தெரிகிறதா?

முதலில் வரைபடம் வேண்டும். அலபாமா பல்கலைக்கழக மாணவர்கள் மாணவர்களுக்காகவே தொகுத்த கோட்பாட்டு வழிகாட்டி இணையத்தில் இலவசமாகக் கிடைக்கிறது. ஒவ்வொரு சிந்தனைப் பள்ளிக்கும் அடிப்படை, முக்கிய ஆட்கள், நூல்கள், கருத்துகள், விமர்சனம் என்று தனித்தனித் தலைப்பு இருக்கும். அவற்றில் "எதற்கு எதிர்வினை" என்ற பகுதியை முதலில் படியுங்கள். மாணவர்கள் எழுதியது என்பதால் பக்கத்துக்குப் பக்கம் தரம் மாறும். ஒரு சனிக்கிழமை உட்கார்ந்து மொத்தத்தையும் புரட்டிவிட்டு மூடிவைக்கலாம். அதிலிருந்து மேற்கோள் எடுக்க வேண்டாம். யூஜிசியின் இ-பிஜி பாடசாலையிலும் இக்னோவின் இஞானகோஷிலும் மானிடவியல் பாடங்கள் இருக்கின்றன. இந்தியத் தேர்வுக்கான சொல்வழக்கு அவற்றில் பழகும். நடை வறட்சிதான், பொறுத்துக்கொள்ள வேண்டும்.

அடுத்தது கலைக்களஞ்சியங்கள். புதியவற்றில் முதலில் திறக்க வேண்டியது ஓப்பன் என்சைக்ளோபீடியா ஆஃப் ஆந்த்ரபாலஜி. கேம்பிரிட்ஜ் என்ற பெயரோடு தொடங்கியது, இன்று இந்தப் பெயரில் இருக்கிறது. துறை ஆய்வாளர்களே எழுதும் கட்டுரைகள், காசு கிடையாது. ஆட்களின் பெயரைவிடத் தலைப்புகளைத் தேடினால் அதிகம் கிடைக்கும். சிந்தனையாளர்களின் வாழ்க்கையும் சூழலும் வேண்டுமென்றால் பாரிஸிலிருந்து வரும் பெரோஸ் கலைக்களஞ்சியம். மானிடவியலின் வரலாறுகளுக்கென்றே நடப்பது, அதுவும் இலவசம். அச்சில் ஒன்றே ஒன்று வாங்க முடியும் என்றால் ஆலன் பர்னார்டும் ஜொனாதன் ஸ்பென்சரும் தொகுத்த ஒரே தொகுதிக் கலைக்களஞ்சியத்தை வாங்குங்கள். 1996இல் வந்தது, 2010இல் இரண்டாம் பதிப்பு. பின்னிணைப்பில் ஆட்களின் சுருக்கமான வாழ்க்கைக் குறிப்புகளும் கலைச்சொல் விளக்கமும் உண்டு.

என் பிள்ளைகளை நான் வற்புறுத்தி அனுப்புவது பழைய கலைக்களஞ்சியங்களுக்கு. "பழசா மேடம்?" என்பார்கள். பழசுதான். ஆனால் அந்தக் கட்டுரைகளை எழுதியவர்கள் யார் என்று பாருங்கள். பிரிட்டானிக்காவின் ஒன்பதாம் பதிப்பில் டோட்டமிசம் (ஒரு விலங்கையோ செடியையோ குலச் சின்னமாகக் கொள்வது) பற்றியும் விலக்கு (டபூ) பற்றியும் எழுதியவர் ஃப்ரேசர். அந்த வேலையைக் கொடுத்தவர் நண்பர் ராபர்ட்சன் ஸ்மித். அங்கே பிடித்த ஆர்வம்தான் 1890இல் தங்கக் கிளை (தி கோல்டன் பௌ) நூலாக வந்தது. 1926இல் பிரிட்டானிக்காவின் பதின்மூன்றாம் பதிப்பில் மானிடவியல் கட்டுரையை மாலினோவ்ஸ்கி எழுதினார். செயல்பாட்டியத்தின் கொள்கை அறிக்கையாகவே அதைப் படிக்கலாம். 1930களில் வந்த என்சைக்ளோபீடியா ஆஃப் தி சோஷியல் சயின்சஸில் மானிடவியல் பற்றி அமெரிக்க மானிடவியலின் முன்னோடி போவாஸ், பண்பாடு பற்றி மாலினோவ்ஸ்கி, மந்திரம் பற்றி ரூத் பெனடிக்ட். 1968இல் வந்த இன்டர்நேஷனல் என்சைக்ளோபீடியா ஆஃப் தி சோஷியல் சயின்சஸைத் திறந்தால் தீட்டு பற்றி மேரி டக்ளஸ், சடங்கு பற்றி லீச், தொன்மமும் குறியீடும் பற்றி விக்டர் டர்னர், சமயம் பற்றி கீர்ட்ஸ். மேரி டக்ளஸின் முழு நூலுக்குள் போக நேரமில்லாதவருக்கு, அவரே தன் வாதத்தைச் சில பக்கங்களில் சுருக்கித் தந்திருக்கிறார். எந்த கோச்சிங் சென்டர் நோட்ஸ் இதற்கு ஈடாகும்? பழைய பிரிட்டானிக்கா இன்டர்நெட் ஆர்கைவில் கிடைக்கும். 1968 தொகுப்பின் கட்டுரைகள் என்சைக்ளோபீடியா டாட் காம் தளத்தில் இருக்கின்றன.

ஒரு எச்சரிக்கையும் உண்டு. பதிப்பாண்டைப் பார்க்காமல் குறிப்பு எடுக்காதீர்கள். அமெரிக்க மானிடவியலாளர் மார்கரெட் மீட் 1928இல் சமோவாத் தீவு இளம்பெண்களின் வாழ்க்கை பற்றி எழுதினார், 1978இல் காலமானார். டெரெக் ஃப்ரீமன் அவரைத் தாக்கி எழுதிய நூல் வந்தது 1983இல். 1968 கலைக்களஞ்சியத்தில் அந்த விவகாரத்தின் வாடையே இருக்காது. 1983க்குப் பின் வந்த சில நூல்களில் ஃப்ரீமன் வென்றுவிட்டது போலத் தொனிக்கலாம். 2009இல் பால் ஷாங்க்மன் ஃப்ரீமனின் சான்றுகளையே கிளறி மறுத்தார். எந்த ஆண்டு நூலைக் கையில் எடுத்தீர்களோ, அந்த ஆண்டின் தீர்ப்புதான் உங்கள் விடைத்தாளில் இறங்கும்.

ஆளைப் பற்றிப் படிக்க அஞ்சலிக் கட்டுரைகள் நல்ல இடம். அமெரிக்க தேசிய அறிவியல் கழகத்தின் வாழ்க்கை நினைவுக் குறிப்புகள் பிடிஎஃப்பாக இலவசம். போவாஸ் பற்றி அவர் மாணவர் லோவி எழுதியிருக்கிறார், மீட் பற்றி கீர்ட்ஸ். ஒரு சிந்தனையாளர் இன்னொருவரை எடைபோடும்போது இருவரையும் சேர்த்தே தெரிந்துகொள்ளலாம். கேம்பிரிட்ஜின் ஆலன் மேக்ஃபர்லேன் மானிடவியலாளர்களோடு எடுத்த வீடியோ நேர்காணல்கள் யூடியூபிலேயே இருக்கின்றன. பேருந்தில் போகும்போது கேட்கலாம்.

கதையாகச் சொல்லும் வரலாறு வேண்டுமென்றால் பிரிட்டிஷ் மரபுக்கு ஆடம் கூப்பர். 1973இல் முதலில் வந்த அவர் நூலில் யார் யாருடைய மாணவர், யாருக்கு எந்தப் பேராசிரியர் பதவி கிடைத்தது என்ற அரசியலெல்லாம் வரும். அவர் கதையைத் தொடங்கும் ஆண்டு 1922. மாலினோவ்ஸ்கியின் டிரோபிரியாண்ட் நூலும் ராட்கிளிஃப்-பிரவுனின் அந்தமான் நூலும் வந்தது அந்த ஆண்டில்தான், மூத்த மானிடவியலாளர் ரிவர்ஸ் இறந்ததும் அந்த ஆண்டில்தான். மாலினோவ்ஸ்கி நூலுக்கு முன்னுரை எழுதியவர் ஃப்ரேசர் என்பதையும் கவனியுங்கள்: களத்துக்குப் போகாமல் நாற்காலியில் உட்கார்ந்து எழுதிய தலைமுறைக்கு முடிவு கட்டிய நூலுக்கு அந்தத் தலைமுறையின் பெரியவரே வாழ்த்துச் சொல்லியிருக்கிறார். மூல எழுத்துகளுக்கு மெக்கீயும் வார்ம்ஸும் தொகுத்த ஆந்த்ரபாலஜிக்கல் தியரி. மூலக் கட்டுரைகளுக்கு அடியில் தொகுப்பாசிரியர்களின் நீண்ட அடிக்குறிப்புகள் ஓடும். பழைய பதிப்பே போதும், புதியதன் விலையைப் பார்த்து மலைக்க வேண்டாம்.

இவற்றையெல்லாம் எப்படிச் சேர்த்துப் பயன்படுத்துவது? ஒரு பொருளைப் பிடித்துக்கொண்டு காலவரிசையில் இறங்குங்கள். நான் எப்போதும் உறவுமுறையில்தான் தொடங்குவேன், அதில் நம் வீடே இருக்கிறது.

மார்கன் நியூயார்க் மாநிலத்து ராச்சஸ்டரில் வழக்கறிஞர். அமெரிக்கப் பழங்குடிகளான இரோகுவா மக்களிடம் அப்பாவின் சகோதரனும் அப்பா, அம்மாவின் சகோதரியும் அம்மா, மாமன் மட்டும் வேறு என்ற முறையைக் கண்டார். வேறெங்கும் இப்படி உண்டா என்று உலகெங்கும் கேள்விப் பட்டியல் அனுப்பினார். தமிழ் உறவுச் சொற்களை அவருக்குக் கொடுத்தவர்கள் ஆர்க்காட்டுப் பக்கம் ஊழியம் செய்த ஸ்கடர் குடும்பத்து அமெரிக்க மிஷனரிகள். பெரியப்பா, சித்தப்பா, பெரியம்மா, மாமா: அச்சு அசலாக அதே முறை. அமெரிக்கப் பழங்குடிகள் ஆசியாவிலிருந்து வந்தவர்கள் என்பதற்கே இதைச் சான்றாக்கினார். 1871இல் ஸ்மித்சோனியன் வெளியிட்ட அந்தப் பெரிய நூல் இன்டர்நெட் ஆர்கைவில் இருக்கிறது. முழுவதும் படிக்கச் சொல்லவில்லை. பின்னாலுள்ள அட்டவணையில் தமிழ்ச் சொற்களைத் தேடிப் பாருங்கள், போதும்.

1909இல் அமெரிக்க மானிடவியலாளர் குரோபர் குறுக்கிட்டார்: உறவுச் சொற்கள் மொழியையும் மனத்தையும் காட்டுமே தவிர, சமூக அமைப்பைக் காட்டாது என்றார். ரிவர்ஸ் விடவில்லை. நீலகிரியில் தோடர்களிடம் வம்சாவளி சேகரித்து 1906இல் நூல் எழுதியவர் அவர். உங்கள் எட்டாவது அலகில் வரும் வம்சாவளி முறை அவருடையதுதான். மாமன் மகளையும் அத்தை மகளையும் கட்டும் வழக்கம் இருக்கும் இடத்தில் சொற்கள் அதற்கேற்ப அமைகின்றன என்று 1914இல் பதிலடி கொடுத்தார். அவருடைய மாணவர் ராட்கிளிஃப்-பிரவுன் வம்சாவளியை மையமாக்கினார். 1949இல் லெவி-ஸ்ட்ராஸ் மணவுறவுப் பரிமாற்றத்தை, அதாவது குழுக்கள் பெண் கொடுத்துப் பெண் எடுப்பதை, மையமாக்கினார். அப்போது மதுரைப் பக்கம் பிரமலைக் கள்ளர்களிடையே களப்பணி செய்த லூயி டூமோன், தமிழ் 'மாமன்' அம்மாவின் உடன்பிறந்தவன் என்பதைவிட அப்பாவின் மைத்துனன் என்பதே முக்கியம் என்று 1953இல் மேன் என்ற மானிடவியல் இதழில் எழுதினார். ராட்கிளிஃப்-பிரவுன் அதே ஆண்டு அதே இதழில் மறுத்தார். இரண்டும் சின்னக் கட்டுரைகள். ஆய்விதழ்கள் இருக்கும் ஜேஸ்டார் தளத்தில் இலவசக் கணக்கு தொடங்கித் தேடிப் பாருங்கள். கடைசியில் 1984இல் அமெரிக்க மானிடவியலாளர் ஷ்னைடர் வந்து, உறவுமுறை என்ற வகைப்பாடே மேற்கத்தியர் தங்கள் வழக்கத்தை உலகத்தின்மேல் ஏற்றியது என்று அடித்தளத்தையே பிடுங்கினார். இந்த ஒரு இழையைப் பிடித்தாலே பரிணாமவாதத்திலிருந்து அமைப்பியல் வரை ஐந்தாறு பள்ளிகள் கைக்கு வந்துவிடும்.

குறிப்பு எடுக்க ஓர் ஆளுக்கு ஒரு அட்டை. எங்கே களப்பணி செய்தார், யாரை மறுத்தார், என்ன சொன்னார், அவரை யார் மறுத்தார், இந்த நான்கும் ஒரே பக்கத்தில் அடங்க வேண்டும். அடங்கவில்லை என்றால் இன்னும் புரியவில்லை. சாட்பாட்டிடம் கேட்டு அட்டையை நிரப்பும் பழக்கம் இப்போது வந்திருக்கிறது. இல்லாத நூலுக்கு ஆண்டும் பதிப்பகமும் சேர்த்துத் தரும். நூலகப் பட்டியலில் சரிபார்க்காத தலைப்பை நான் திருத்துவதில்லை.

தமிழில் படிக்க பக்தவத்சல பாரதி இருக்கிறார். பண்பாட்டு மானிடவியல் அடித்தளத்துக்கு, மானிடவியல் கோட்பாடுகள் சிந்தனைப் பள்ளிகளுக்கு. தமிழ்வழியில் தேர்வு எழுதுபவர்கள் கலைச்சொற்களை அவரிடமிருந்தே எடுத்துக்கொள்ளலாம். இணையத்தில் தேடும்போது மானிடவியல், மானுடவியல் இரண்டையும் போட்டுப் பாருங்கள். எட்கர் தர்ஸ்டனின் ஏழு தொகுதிகளைக் கோட்பாட்டு நூல் என்று சிலர் தூக்கிக்கொண்டு வருவார்கள். அது 1909இல் காலனி அரசு அருங்காட்சியகக் கண்காணிப்பாளர் தொகுத்த சாதிப் பட்டியல், தலை அளவுகள் உட்பட. இரண்டாம் தாளில் காலனிய இனவரைவியலுக்கு எடுத்துக்காட்டாகச் சொல்லலாம், அவ்வளவுதான்.

அந்தத் தர்ஸ்டன் வேலை பார்த்த எழும்பூர் அருங்காட்சியக வளாகத்திலேயேதான் கன்னிமாரா நூலகமும் இருக்கிறது. இந்தியாவில் அச்சாகும் நூல்களின் பிரதி சட்டப்படி அங்கே போய்ச் சேர வேண்டும். டூமோனின் கள்ளர் நூல் பிரெஞ்சில் 1957இல் வந்தது, ஆங்கிலத்தில் 1986இல் ஆக்ஸ்ஃபோர்டு வெளியிட்டது. கடைகளில் தேடி அலைவதைவிட அங்கே பட்டியலில் முதலில் பாருங்கள். இல்லையென்றால் சென்னைப் பல்கலைக்கழக மானிடவியல் துறையிலோ புதுச்சேரி பிரெஞ்சு நிறுவன நூலகத்திலோ விசாரியுங்கள். வெளியாட்களுக்கு அனுமதி எப்படி என்று முன்கூட்டியே போனில் கேட்டுக்கொள்ளுங்கள், அடையாள அட்டையை மறக்க வேண்டாம்.