வூல்ஃபின் வெளிச்சவீட்டு நாவல்: வன்னியில் குழுவாக வாசிக்க ஒரு வழி

ஆங்கில எழுத்தாளர் வேர்ஜீனியா வூல்ஃபின் ‘டு த லைற்ஹவுஸ்’ நாவலை முதற்பக்கத்தில் தொடங்குகிறவர்களில் பலர் முப்பதாம் பக்கத்துக்குள் மூடி வைத்துவிடுகிறார்கள். ஆங்கிலம் கடினம் என்பதால் அல்ல, சொற்கள் பெரும்பாலும் எளியவைதான். எந்த நினைப்பு யாருடையது என்பது பிடிபடாததால் மூடுகிறார்கள். கிளிநொச்சி, முல்லைத்தீவு, வவுனியாப் பக்கம் வாசிப்பு வட்டம் நடத்துகிறவர்களுக்கு நாங்கள் சொல்வது இது: நடுப்பகுதியில் இருந்து தொடங்குங்கள். அங்கே மனிதர்கள் அநேகமாக இல்லை. ஒரு வீடு மட்டும் பத்து வருடம் ஆளில்லாமல் கிடக்கிறது. அதை வாசிக்க வன்னியில் யாருக்கும் முன்னுரை வேண்டாம்.

ஆயத்தம்

ஆறு முதல் எட்டுப் பேர் போதும். பத்துக்கு மேல் போனால் இரண்டு பேர் பேச மற்றவர்கள் கேட்டுக்கொண்டிருப்பார்கள். ஒருவராவது ஆங்கிலத்தைத் தடக்காமல் சத்தமாக வாசிக்கக்கூடியவராக இருக்க வேண்டும். கிழமைக்கு ஒரு தரம், ஒன்றே முக்கால் மணித்தியாலம், ஒன்பது கிழமை என்று திட்டமிடுங்கள். காலபோக விதைப்புக்கும் அறுவடைக்கும் இடையில் மாட்டிக்கொள்ள வேண்டாம். அறுவடை முடிந்து கை ஓய்ந்த பிறகு, வாசிகசாலையிலோ சனசமூக நிலையத்திலோ ஞாயிறு பின்னேரங்களில் வையுங்கள்.

வூல்ஃப் இறந்தது 1941இல். இலங்கைச் சட்டப்படி எழுதியவர் இறந்து 70 வருடம் வரைதான் பதிப்புரிமை உண்டு, ஆகவே மூலத்தைத் தாராளமாகப் போட்டோக்கொப்பி எடுக்கலாம். புதிய பதிப்புகளில் உள்ள பேராசிரியர்களின் முன்னுரைகளுக்கும் குறிப்புகளுக்கும் இது பொருந்தாது, அவற்றைக் கொப்பி எடுக்காதீர்கள். நாவல் ஏறத்தாழ 70,000 சொல். எல்லோருக்கும் முழுவதையும் ஒரேயடியாக அடிக்காமல், முதல் இரண்டு சந்திப்புக்கும் நடுப்பகுதியை மட்டும் எடுங்கள். பக்க ஓரத்தில் இரண்டு விரல் அகலம் வெற்றிடம் விட்டு அடிப்பது முக்கியம். அந்த இடத்தில்தான் வேலை நடக்கும். ஆளுக்கு ஒரு சிவப்புப் பென்சில், ஒரு நீலப் பென்சில்.

வாழ்க்கைக்கு இருபது நிமிடம்

முதற் சந்திப்பில் வாழ்க்கைக் குறிப்பை இருபது நிமிடத்துக்குள் முடித்துவிடுங்கள். நாவலுக்கு வேண்டியதை மட்டும் சொன்னால் போதும். பிறப்பு 1882, லண்டன். 1894 வரை ஒவ்வொரு கோடையும் கோர்ன்வோலில் உள்ள சென்ற் ஐவ்ஸ் ஊரில், கடலைப் பார்த்த வீட்டில். அங்கிருந்து பார்த்தால் கொட்றெவி வெளிச்சவீடு தெரியும். 1895இல் தாய் ஜூலியா இறந்தபோது மகளுக்கு 13 வயது. 1897இல் தாயின் முதல் மணத்து மகள் ஸ்டெல்லா, 1904இல் தகப்பன் லெஸ்லி ஸ்டீபன், 1906இல் அண்ணன் தோபி. பதினொரு வருடத்துக்குள் நான்கு சாவு. நாவல் 1927 மே 5இல் வந்தது, தாய் இறந்த அதே திகதி. அதை எழுதி முடித்த பிறகே தாயின் நினைவு தன்னை ஆட்டிப்படைப்பது நின்றது என்று அவரே பின்னர் எழுதியிருக்கிறார். கடலையும் வெளிச்சவீட்டையும் கோர்ன்வோலில் இருந்து எடுத்து, கதையை ஸ்கொட்லாந்தின் ஸ்கை தீவில் வைத்தார்.

நம் பக்கத்துத் தொடர்பு ஒன்று உண்டு. கணவர் லெனார்ட் வூல்ஃப் 1905இல் யாழ்ப்பாணக் கச்சேரிக்கு வேலைக்கு வந்தவர். 1906இல் மன்னாருக்குத் தெற்கே மரிச்சுக்கட்டி முத்துக்குளிப்பில் கடமை பார்த்தார். 1912இல்தான் வேர்ஜீனியாவை மணந்தார். வேர்ஜீனியா இலங்கைக்கு வந்ததில்லை. இதை இரண்டு நிமிடத்தில் சொல்லி விடுங்கள். எங்கள் சபைகளில் இந்தத் தொடர்பைக் கேட்டதும் பேச்சு முழுக்க லெனார்ட் பக்கம் போய்விடும், எழுதிய பெண் பின்வரிசைக்குப் போய்விடுவார். அவர்கள் இருவரும் 1917இல் சாப்பாட்டு மேசையில் வைத்த கையச்சு இயந்திரத்தோடு தொடங்கிய ஹோகார்த் பிறெஸ்தான் இந்த நாவலை வெளியிட்டது. பதிப்பாளருக்காக எதையும் மாற்ற வேண்டிய தேவை இல்லாமற் போனதால்தான் இப்படியொரு நடுப்பகுதி அச்சேறியது என்பது எங்கள் எண்ணம்.

அவருடைய மனநோயையும் உயிரை மாய்த்துக்கொண்டதையும் மறைக்காதீர்கள், விவரிக்கவும் வேண்டாம். ஒரு வசனம் போதும். ‘இதனால்தான் இப்படி எழுதினார்’ என்ற விளக்கம் எழுந்தால் உடனே நிறுத்துங்கள். தெளிவான தலையோடு, வரிக்கு வரி திருத்தி எழுதிய எழுத்துத் தொழிலாளி அவர். யாராவது கலங்கினால் தேசிய மனநல நிறுவகத்தின் 1926 என்ற தொலைபேசி இலக்கத்தைக் கையில் வைத்திருங்கள்.

நடுப்பகுதி: ‘டைம் பாசஸ்’

பத்து அத்தியாயங்கள். முதற் சந்திப்பில் நான்கு, இரண்டாவதில் ஆறு. முதலில் ஒருவர் ஆங்கிலத்தில் சத்தமாக, அவசரப்படாமல் வாசிக்கட்டும். கருத்து விளங்காவிட்டாலும் ஓசை விளங்கும். பிறகு தமிழில் சொல்லுங்கள்.

நான்காம் அத்தியாயத்தில் பிள்ளைகளின் அறையில் தொங்கும் சால்வை ஒரு மடிப்பு அவிழ்ந்து ஆடுகிறது. அதைக் குறித்து வையுங்கள். முதற்பாகத்தில் அந்தச் சால்வையை யார், எதன்மேல், எதற்காகச் சுற்றினார் என்பது வரும். ஒன்பதாம் அத்தியாயம் பொக்கிஷம்: வரவேற்பறையில் குருவி கூடு கட்டுகிறது, சுவர்ப்பூச்சு கொட்டுகிறது, சாமான் அறையின் தரைக்கல்லுக்கு நடுவே முட்செடி தள்ளிக்கொண்டு வருகிறது, கோவாப் பாத்திக்குள் பூச்செடி பூக்கிறது. கூரை வழியே மரம் முளைத்த வீட்டுக்குத் திரும்பி வந்தவர்கள் இருக்கும் வட்டத்தில் இந்தப் பக்கத்தை விளக்கவே தேவையில்லை. ஆட்கள் பட்டியல் போடத் தொடங்குவார்கள். போடட்டும். அந்தப் பட்டியலைப் பக்கத்து ஓரத்தில் எழுதச் சொல்லுங்கள்.

பிறகு சதுர அடைப்புக்குறிகளுக்கு வாருங்கள். மூன்றாம் அத்தியாய முடிவில், வீட்டுக்காரர் திரு. றாம்சே இருட்டான நடைவழியில் கைகளை நீட்டுகிறார், முதல் நாள் இரவு மனைவி இறந்துவிட்டதால் கைகள் வெறுமையாகவே இருக்கின்றன. கதையின் மையப் பெண் இறந்த செய்தி ஒரு அடைப்புக்குறிக்குள் முடிந்துவிடுகிறது. ஆறாம் அத்தியாயத்தில் மகள் புறூ பிள்ளைப்பேற்றில், மகன் அன்ட்ரூ பிரான்சில் ஷெல் விழுந்து. அதுவும் அடைப்புக்குறிக்குள்தான். காற்றுக்கும் வெளிச்சத்துக்கும் பக்கம் பக்கமாக இடம், சாவுக்கு ஒரு வரி. ஏன் இந்த அளவு என்று கேளுங்கள், விடையை நீங்கள் சொல்லாதீர்கள்.

இந்த இடத்தில் வன்னியில் ஒரு ஆபத்து உண்டு. ‘உங்கட வீட்டில யார் போனது?’ என்று யாரும் யாரையும் கேட்கக் கூடாது. கேட்டால் சந்திப்பு சாட்சியம் சொல்லும் கூட்டமாக மாறும், சொல்ல விரும்பாதவர் அடுத்த கிழமை வரமாட்டார். அடைப்புக்குறி வாசித்ததும் இரண்டு நிமிடம் சும்மா இருங்கள். பேச நினைப்பவர் தானாகப் பேசுவார்.

ஒப்பீடு எங்கே உடைகிறது என்பதையும் சொல்லுங்கள். றாம்சே குடும்பத்தை யாரும் துரத்தவில்லை. அவர்கள் திரும்பி வரும்போது வீட்டைத் துப்புரவாக்கி வைத்தவர்கள் திருமதி மக்னாப், திருமதி பாஸ்ற் என்ற இரண்டு கூலிப் பெண்கள். வூல்ஃப் மக்னாபை மூளை மந்தமானவளாகக் காட்டுகிறார். சொந்தக் கிணற்றையும் வளவையும் தாங்களே துப்புரவாக்கிய பெண்கள் இதை ஏற்க மாட்டார்கள். அந்தக் கோபம் நியாயமானது. வூல்ஃபைக் காப்பாற்ற முயலாதீர்கள்.

முதற்பாகம்: காலுறையில் இருந்து

பத்தொன்பது அத்தியாயங்களுக்கு நான்கு சந்திப்பு. முழுவதையும் சத்தமாக வாசிக்க முடியாது, ஐந்தாம் அத்தியாயத்தையும் பதினேழாம் அத்தியாய இராச்சாப்பாட்டையும் மட்டும் வாசியுங்கள். மற்றவற்றை வீட்டில் வாசித்து வரட்டும்.

பென்சிலுக்கு வேலை ஐந்தாம் அத்தியாயத்தில். திருமதி றாம்சே வெளிச்சவீட்டுக் காவலரின் மகனுக்குப் பின்னும் காலுறையைத் தன் ஆறு வயது ஜேம்ஸின் காலில் வைத்து அளக்கிறார். வெளியே நடப்பதைச் சிவப்பால் கீறுங்கள்: எழும்பி நில், ஆடாதே, காலுறை கட்டை. நினைப்புகளை நீலத்தால்: பழுதான கதிரைகள், பூட்டாத கதவுகள், தகப்பன் சாகக்கிடக்கும் வேலைக்காரப் பெண். முடிந்ததும் பக்கங்களைத் தூரத்தில் பிடித்துப் பாருங்கள். சிவப்பு அங்கொன்றும் இங்கொன்றும், மிச்சம் எல்லாம் நீலம். சிவப்பை மட்டும் நடித்துப் பார்த்தால் அரை நிமிடமும் ஆகாது. வூல்ஃபின் கலையை இதைவிடத் தெளிவாகக் காட்ட வேறு வழி எங்களுக்குத் தெரியாது.

அடுத்த சந்திப்பில் இருந்து நீலத்தை ஆள்வாரியாகப் பிரியுங்கள். ஓரத்தில் ஜேம்ஸுக்கு ஜே, விருந்தினராக வந்து படம் வரையும் லில்லிக்கு லி, றாம்சேக்கு றா என்று எழுதினால் போதும். தமிழில் சொல்லும்போது ‘என்று நினைத்தாள்’ கடைசியில்தான் வரும், கேட்பவர் அதுவரை ஆளைத் தேடுவார். ஆகவே பெயரை முன்னுக்கே சொல்லிவிடுங்கள். மரியாதைச் சொற்களையும் பயன்படுத்துங்கள். திரு. றாம்சே என்ற ஒரே மனிதனை மனைவி ‘இவர்’ என்பார். கோடரி கிடைத்தால் தகப்பனின் நெஞ்சைப் பிளக்கலாம் என்று கறுவும் ஜேம்ஸுக்கு அவர் ‘அந்தாள்’. லில்லிக்கு ‘அவர்’. யாருடைய கண்ணால் பார்க்கிறோம் என்பது அந்த நொடியே தெரிந்துவிடும்.

இராச்சாப்பாட்டில் லில்லி உப்புச்சிமிழை மேசைவிரிப்பில் நகர்த்தி வைக்கிறாள். தன் படத்தில் மரத்தை இன்னும் நடுவுக்குக் கொண்டுவர வேண்டும் என்பதற்கு அடையாளம். தவற விட்டால் மூன்றாம் பாகம் விளங்காது.

மீண்டும் நடு, பிறகு கடைசி

ஏழாம் சந்திப்பில் நடுப்பகுதியை முழுவதுமாக ஒரே மூச்சில் வாசியுங்கள், ஏறத்தாழ ஒரு மணித்தியாலம் பிடிக்கும். இதைத் தவிர்க்காதீர்கள். முதல் தரம் வீடு மட்டும் தெரிந்தது. இப்போது சால்வையைச் சுற்றிய கை யாருடையது என்று தெரியும், அடைப்புக்குறி அடிக்கும். நாவலைத் திட்டமிட்டபோது வூல்ஃப் இரண்டு கட்டங்களை ஒரு நடைவழி இணைப்பதுபோலக் கோட்டுப்படம் போட்டார். அதைப் பலகையில் வரைந்து காட்ட இதுவே நேரம்.

மூன்றாம் பாகத்துக்கு இரண்டு சந்திப்பு. வெளிச்சவீட்டுக்குப் படகில் போகிறவர்களையும் கரையில் படம் வரையும் லில்லியையும் மாறி மாறி இரண்டு பேர் வாசித்தால் தாளம் வரும்.

அடுத்து வூல்ஃபின் இன்னொரு நாவலான ‘மிசிஸ் டலோவே’க்குப் போகலாம். அதில் போரில் இருந்து மனம் உடைந்து வந்த செப்ரிமஸின் முடிவு நேரடியாகவே வருகிறது, வட்டத்தில் இருப்பவர்களுக்கு அதை முன்கூட்டியே சொல்லி, விருப்பம் கேட்டுத் தொடங்குங்கள். அவருடைய ‘த வேவ்ஸ்’ நாவல் இப்போதைக்கு வேண்டாம். அதற்கு முன் 1919இல் வந்த ‘கியூ கார்டன்ஸ்’ சிறுகதையை ஒரே சந்திப்பில் முடிக்கலாம், அதே இரண்டு பென்சிலோடு.