அப்பா முன்னாள் ராணுவத்தினரா? தமிழ்நாடு அரசு உதவிகளைச் சிங்கப்பூரில் இருந்தபடி பெற்றுத் தரும் வழி

சிங்கப்பூரில் வேலை பார்க்கும் பிள்ளைகள், ஊரில் ராணுவத்திலிருந்து ஓய்வு பெற்ற அப்பா, அல்லது அவர் காலமான பின் தனியாக இருக்கும் அம்மா. அப்படிப்பட்ட குடும்பங்களுக்கான குறிப்பு இது. படிவம் நிரப்புவது பெரிய வேலை இல்லை. காகிதத்துக்குக் காகிதம் பெயர் மாறியிருப்பதுதான் காரியத்தைக் கெடுக்கிறது. அதனால் நான்காம் படி மட்டும் நீளமாக இருக்கும். அவசரத்தில் அதைத் தாண்டிப் போய்விடாதீர்கள்.

படி 1: யாரிடம் எதைக் கேட்பது

ஓய்வூதியம், அதைக் கவனிக்கும் ஸ்பர்ஷ் இணையத் தளம், முன்னாள் படைவீரர்களுக்கான இ.சி.எச்.எஸ். மருத்துவத் திட்டம், ராணுவக் கேன்டீன் கார்டு எல்லாம் மத்திய அரசின் பக்கம். மாநிலத்தின் பக்கம் இருப்பது முன்னாள் படைவீரர் நலத்துறை. அதன் உதவி இயக்குநர் அலுவலகம் மாவட்டத் தலைநகரில் இருக்கும். சைனிக் போர்டு என்று கேட்டாலும் வழி சொல்வார்கள்.

பிள்ளைகளின் படிப்புக்கும் திருமணத்துக்கும் நிதி உதவி, முன்னாள் படைவீரர் இறந்தால் ஈமச்சடங்குத் தொகை, முன்னாள் படைவீரர்களுக்கான மாநில அரசு நிறுவனமான டெக்ஸ்கோ வழியாகப் பாதுகாவலர் போன்ற வேலைகள், அரசுப் பணியில் குரூப் சி பதவிகளில் 5% ஒதுக்கீடு ஆகியவை இங்கே வருகின்றன. பொறியியல் கலந்தாய்வில் முன்னாள் படைவீரர் பிள்ளைகளுக்கு 150 இடங்கள் உண்டு. அதற்கான சான்றிதழையும் இதே அலுவலகம்தான் தரும். தொழில் தொடங்க நினைப்பவர்களுக்கு 2024 சுதந்திர தினத்தன்று அறிவிக்கப்பட்ட 'முதல்வரின் காக்கும் கரங்கள்' திட்டம் இருக்கிறது: 1 கோடி ரூபாய் வரை வங்கிக் கடன், 30% மூலதன மானியம், 3% வட்டி மானியம்.

படி 2: உங்களுக்கு என்ன கிடைக்கும் என்றால்

பெரும்பாலும் ஒன்றும் கிடைக்காது. மகன் 25 வயது வரை, மகள் திருமணம் ஆகும் வரை என்பதுதான் சார்ந்தோர் கணக்கு. பேரப்பிள்ளைகளுக்கு இந்த ஒதுக்கீடு இல்லை. 'தாத்தா ராணுவம்' என்று சொல்லி, இங்கே படிக்கும் பையனுக்கு அண்ணா பல்கலைக்கழகத்தில் இடம் கேட்க முடியாது. நீங்கள் காகிதம் சேர்த்துக் கொடுக்கும் ஆள். பயனாளி அப்பா, அம்மா, படிக்கும் தம்பி தங்கை.

படி 3: ஸ்கேன்

ராணுவத்திலிருந்து விடுவிக்கும்போது தந்த டிஸ்சார்ஜ் புத்தகம் (வெற்றுப் பக்கம் உட்பட எல்லாப் பக்கமும்), பி.பி.ஓ. என்னும் ஓய்வூதிய ஆணை, அப்பா அம்மா இருவரின் ஆதார், பான், வங்கிப் பாஸ்புக் முதல் பக்கம், பிள்ளைகளின் பிறப்புச் சான்றிதழ். இவற்றை ஊரில் யாராவது ஸ்கேன் செய்து அனுப்பட்டும். மூல டிஸ்சார்ஜ் புத்தகத்தைக் கூரியரில் இங்கே வரவழைக்காதீர்கள். அது தொலைந்தால் போலீசில் புகார், பிறகு அப்பாவின் படைப் பதிவுகளை வைத்திருக்கும் ரெக்கார்டு ஆபீசில் நகலுக்கு விண்ணப்பம் என்று மாதங்கள் ஓடும்.

கேம்ஸ்கேனர் வேண்டாம். இந்திய அரசு அதை 2020 ஜூனில் தடை செய்துவிட்டது, இலவசப் பதிப்பு பக்கத்தின் மேல் தன் முத்திரையையும் பதிக்கும். கூகுள் டிரைவுக்குள்ளேயே இருக்கும் ஸ்கேன் வசதி போதும். வண்ணத்தில் எடுங்கள். கறுப்பு வெள்ளையில் எடுத்தால் பழைய ஊதா முத்திரைகள் மறைந்துவிடும்.

படி 4: பெயர்களை ஒப்பிடுவது

ஒரு தாளில் கட்டம் போடுங்கள். இடப்பக்கம் அப்பா, அம்மா, ஒவ்வொரு பிள்ளை. மேலே டிஸ்சார்ஜ் புத்தகம், பி.பி.ஓ., ஆதார், பான், வங்கி. ஒவ்வொரு கட்டத்திலும் ஆங்கில எழுத்துகளை அப்படியே எழுதுங்கள், பிறந்த தேதியையும் சேர்த்து. வாட்ஸ்அப்பில் 'எல்லாம் சரியாத்தான் இருக்கு' என்று வரும் பதிலை நம்பாதீர்கள். ஸ்கேனை நீங்களே பார்த்து எழுதுங்கள்.

அடிக்கடி வரும் கோளாறுகள் இவை. யூனிட்டில் இருந்த வடநாட்டு கிளார்க் காதில் விழுந்தபடி எழுதியிருப்பார்: செல்வி 'சல்வி' ஆகியிருப்பார், கனிமொழியின் ழகரத்துக்கு ஒரு காகிதத்தில் 'எல்', இன்னொன்றில் 'இசட் எச்'. ராணுவப் பதிவில் வெறும் லட்சுமி, ஆதாரில் முத்துலட்சுமி. இனிஷியல் ஒன்றில் முன்னால், ஒன்றில் பின்னால், ஒன்றில் விரித்து எழுதப்பட்டு. அம்மாவின் பிறந்த தேதி ஒன்றில் ஆண்டு மட்டும், ஆதாரில் ஜனவரி 1. அப்பா ஓய்வு பெற்ற பிறகு பிறந்த பிள்ளையின் பெயர் புத்தகத்தில் இருக்கவே இருக்காது.

எதை எதற்கு ஏற்ப மாற்றுவது? இங்கேதான் பலர் சறுக்குகிறார்கள். பக்கத்தில் இ-சேவை மையம் இருக்கிறதே என்று முதலில் ஆதாரை மாற்றிவிடுகிறார்கள். ஆதாரில் பெயரை வாழ்நாளில் 2 முறைதான் மாற்றலாம், பிறந்த தேதியை ஒரே முறை. பிறகு பான், வங்கி, ரேஷன் கார்டு எல்லாம் ஆதாரோடு முட்டிக்கொள்ளும். பெரும்பாலான காகிதங்களில் எப்படி இருக்கிறதோ அதை வைத்துக்கொண்டு, ராணுவப் பதிவில் திருத்துவதே நல்லது. ஆதாரில் மட்டும் தவறு என்று உறுதியாகத் தெரிந்தால்தான் அதைத் தொடுங்கள்.

ராணுவப் பதிவில் திருத்துவதற்குப் பெயர் பார்ட் டூ ஆர்டர். அப்பாவின் ரெக்கார்டு ஆபீசுக்கு எழுத வேண்டும்: மெட்ராஸ் ரெஜிமென்ட் என்றால் வெலிங்டன், எம்.இ.ஜி. (மெட்ராஸ் பொறியாளர் படை) என்றால் பெங்களூரு, பீரங்கிப் படை நாசிக் ரோடு, சிக்னல்ஸ் (தகவல் தொடர்புப் படை) ஜபல்பூர், இ.எம்.இ. (மின், இயந்திரப் பொறியாளர் படை) செகந்திராபாத், கடற்படை மும்பை மான்கூர்டு, விமானப்படை டெல்லி சுப்ரதோ பார்க். அப்பா கையெழுத்திட்ட விண்ணப்பம், உறுதிமொழிப் பத்திரம், டிஸ்சார்ஜ் புத்தக நகல், ஆதார், தம்பதியர் சேர்ந்து எடுத்த போட்டோ. இதை மாவட்ட அலுவலகத்தின் மேலொப்பத்தோடு அனுப்புங்கள். பதிவுத் தபால் 2025-ல் ஸ்பீடு போஸ்ட்டோடு இணைந்துவிட்டது. அதனால் ஸ்பீடு போஸ்ட் ரசீதைப் பத்திரப்படுத்துங்கள்.

இதை அப்பா இருக்கும்போதே முடியுங்கள். அவர் கையெழுத்துப் போட்டால் நகரும் காரியம், அவருக்குப் பிறகு அம்மா 'இரண்டு பெயரும் நானே' என்று நிரூபிக்கும் காரியமாக மாறிவிடும். குடும்ப ஓய்வூதியமும் அதே சிக்கலில் மாட்டும்.

படி 5: அடையாள அட்டை

முன்னாள் படைவீரர் அடையாள அட்டைக்கு, மத்திய அரசின் கேந்திரிய சைனிக் போர்டு தளத்தில் பதிந்து, ஆவணங்களை ஏற்ற வேண்டும்; அதை மாவட்ட அலுவலகம் சரிபார்க்கும். கைப்பேசி எண்ணாக உங்கள் சிங்கப்பூர் எண்ணைப் போடாதீர்கள், ஓ.டி.பி.க்குத் திண்டாடுவீர்கள். அப்பாவின் எண்ணே இருக்கட்டும். சில இந்திய அரசுத் தளங்கள் வெளிநாட்டிலிருந்து திறப்பதில்லை. திறக்காவிட்டால் உங்கள் கணினியைக் குறை சொல்லாமல், ஊரில் இருப்பவரை வீடியோ அழைப்பில் வைத்துக்கொண்டு அவர் கையால் செய்யச் சொல்லுங்கள். சிங்பாஸ் பழக்கத்தில், எல்லாம் திரையிலேயே முடிந்துவிடும் என்று எண்ண வேண்டாம். ஒருமுறையாவது அப்பா நேரில் போக வேண்டியிருக்கும்.

படி 6: விண்ணப்பம்

ஒரே காரியத்துக்கு மாநிலம், மத்தி இரண்டிலும் வாங்க முடியாது. ஹவில்தார் அல்லது அதற்குக் கீழ் இருந்தவர்களின் மகள் திருமணத்துக்குக் கேந்திரிய சைனிக் போர்டு தரும் தொகை, 2025 நவம்பர் 1 முதல் வரும் விண்ணப்பங்களுக்கு 50,000 ரூபாயிலிருந்து 1,00,000 ரூபாயாகியிருக்கிறது. மாநிலத் தொகை எவ்வளவு என்று மாவட்ட அலுவலகத்தில் கேட்டு, பெரியதைத் தேர்ந்தெடுங்கள். போர்டில் கேட்பதானால் திருமணம் நடந்து 180 நாளுக்குள் போட வேண்டும். தங்கை கல்யாணத்துக்கு இரண்டு வார லீவில் போகிறவர்கள், விருந்து முடிந்த கையோடு திருமணப் பதிவையும் முடித்துவிட்டுத் திரும்புங்கள்.

பொங்கல், தீபாவளி லீவில் போனால் அரசு அலுவலகமும் மூடியிருக்கும். முன்னாள் படைவீரர்களுக்கென்று மாவட்ட ஆட்சியர் நடத்தும் குறைதீர்க்கும் கூட்டம் எப்போது என்று அலுவலகத்தில் முன்கூட்டியே கேட்டு, டிக்கெட்டை அதற்கு ஒட்டிப் போடுவது புத்திசாலித்தனம். நின்றுபோன விண்ணப்பத்தை அங்கே மனுவாகக் கொடுத்தால் எண் போட்டு ஏற்பார்கள்.

பிற்சேர்க்கை: அடிக்கடி வரும் இரண்டு சந்தேகங்கள்

அப்பா இறந்தபின் வாரிசுச் சான்றிதழ் எடுக்கும்போது, சிங்கப்பூர்க் குடியுரிமை வாங்கிய பிள்ளையை விட்டுவிடலாமா? கூடாது. குடியுரிமை மாறினாலும் வாரிசு வாரிசுதான். ஆதார் இல்லை என்றால் பாஸ்போர்ட் நகலைக் கொடுத்துப் பெயரைச் சேருங்கள். விடுபட்ட பெயர் பின்னால் சொத்திலும் தலைநீட்டும்.

இங்கிருந்தே உறுதிமொழிப் பத்திரம் தர வேண்டுமானால் நோட்டரி பப்ளிக்கிடம் கையெழுத்திட்டு, சிங்கப்பூர் அகாடமி ஆஃப் லாவில் அப்போஸ்டில் (வெளிநாட்டிலும் செல்லுபடியாவதற்கான சான்று) வாங்குங்கள். 2021 செப்டம்பர் 16 முதல் சிங்கப்பூரில் இது நடைமுறையில் உள்ளது. இந்தியாவும் அப்போஸ்டிலுக்கான அதே பன்னாட்டு உடன்படிக்கையில் இருக்கிறது. பவர் பத்திரம் என்றால் இந்தியாவுக்குப் போய்ச் சேர்ந்த 3 மாதத்துக்குள் அங்கே முத்திரைத்தாள் கட்டணம் செலுத்த வேண்டும். ஆனால் நலத்துறை உதவிகளுக்குப் பவர் தேவையே இல்லை, பயனாளிதான் கையெழுத்திட வேண்டும். அதற்காக நோட்டரிக்குக் காசைக் கொட்டாதீர்கள்.