சிறைப்பணி ஆரம்பிக்கணும்னு நினைக்கிறவங்களுக்கு, காரைக்குடி தேவகோட்டை பக்கத்துல இருந்து எப்படி செய்யலாம்

நம்ம பக்கம் சிறைப்பணின்னாலே கிறிஸ்துமஸ் சமயத்துல வேன் பிடிச்சு மதுரைக்குப் போயி கேக்கும் துண்டும் குடுத்து நாலு பாட்டு பாடிட்டு வர்றதுன்னு ஆயிருச்சு. அதை தப்புன்னு சொல்லல, உள்ள இருக்கிறவங்களுக்கு அன்னிக்கு நிஜமாவே சந்தோஷம்தான். ஆனா "சிறையில் இருந்தேன், என்னைத் தேடி வந்தீர்கள்"னு மத்தேயு 25ல ஆண்டவர் சொன்னதை வருஷம் பூரா செய்யணும்னு ஆசை இருந்தா, வேலை நம்ம தெருவுலயே நிறைய கிடக்கு.

முதல்ல உங்க அன்பியத்துல, அதாவது பங்குக்குள்ள பக்கத்து வீட்டுக்காரங்க சேர்ந்த ஜெபக் குழுவுல, எந்த வீட்டு ஆளு உள்ள இருக்காருன்னு தெரிஞ்சுக்கங்க. நேரடியா யாரும் சொல்ல மாட்டாங்க, பையன் சிங்கப்பூர்ல இருக்கான் துபாய்ல இருக்கான்னு சொல்லி சமாளிப்பாங்க, கோயிலுக்கு வர்றதையே நிறுத்தியிருப்பாங்க. அந்த வீட்டுக்கு ரெண்டு பேரா போங்க, கூட்டமா போகாதீங்க, தெரு முழுக்க திரும்பிப் பார்க்கும். போனா கேஸ் பத்தி கேக்கவே கேக்காதீங்க. "மனு பார்க்க (சிறையில போய்ப் பார்க்கிறதைத்தான் அப்படிச் சொல்லுவாங்க) எப்ப போறீங்கம்மா, துணைக்கு வரவா"னு கேட்டா போதும், மிச்சத்தை அவங்களே சொல்லுவாங்க. காலையில முதல் பஸ்ஸுக்குக் கிளம்பி, மஞ்சப்பையில ரெண்டு செட் துணி, ஆதார் கார்டு, பிஸ்கட் பாக்கெட்னு எடுத்துக்கிட்டுப் போயி வரிசையில நின்னு, உள்ள போனா கம்பிக்கு அந்தப் பக்கம் நாலு பேர் ஒரே நேரத்துல கத்துற சத்தத்துல புள்ளை சொல்றது பாதி காதுல விழாம, அழுதுகிட்டே திரும்பி வர்ற அம்மாமார் நம்ம பங்குலயும் இருக்காங்க. அவங்க கூட ஒருத்தர் போறதே பெரிய ஊழியம்.

வக்கீலுக்கு காசு இல்லைன்னு சொன்னா, காவல்ல இருக்கிற யாருக்குமே இலவச சட்ட உதவி உரிமைன்னு எடுத்துச் சொல்லுங்க, அது 1987 சட்டப் பணிகள் ஆணைக்குழு சட்டத்துலயே இருக்கு. சிவகங்கையில மாவட்ட சட்டப் பணிகள் ஆணைக்குழு இருக்கு, 15100க்கு போன் பண்ணினாலும் வழி சொல்லுவாங்க. இன்னொன்னு, 2024 ஜூலையில இருந்து நடைமுறையில இருக்கிற புது குற்றவியல் நடைமுறைச் சட்டத்துல (BNSS) 479வது பிரிவு இருக்கு. இதுக்கு முன்னாடி எந்தக் கேஸ்லயும் தண்டனை வாங்காதவங்க, அந்தக் குற்றத்துக்கான அதிகபட்ச தண்டனையில மூணுல ஒரு பங்கு காலம் விசாரணைக் கைதியாவே உள்ள இருந்துட்டா ஜாமீனுக்கு வழி இருக்கு. தூக்கு, ஆயுள் வர்ற கேஸுக்கு இது பொருந்தாது, ஒண்ணுக்கு மேல கேஸ் நிலுவையில இருந்தாலும் சிக்கல்தான். இதை வக்கீல்கிட்ட கேக்கணும்னுகூடத் தெரியாம உக்காந்திருக்கிற குடும்பம் நிறைய.

அடுத்தது உள்ள போறது. தனியாளா போயி வாசல்ல நின்னா விட மாட்டாங்க, விடவும் கூடாது. பங்குச்சாமி மூலமா மறைமாவட்டத்துல (ஆயர் அலுவலகத்துல) பேசி, சிறைப்பணிக் குழுவோட சேர்ந்து போங்க. 1981ல கேரளாவுல ஆரம்பிச்ச பிரிசன் மினிஸ்ட்ரி இந்தியா இன்னிக்கு நாடு முழுக்க வேலை செய்யுது, அவங்க பயிற்சியும் குடுப்பாங்க. சிறை சூப்பிரண்டுக்கு லெட்டர், வர்றவங்க பேரு, ஆதார் நகல் எல்லாம் முன்கூட்டியே போகணும். போன் கொண்டுபோகாதீங்க, காசு குடுக்காதீங்க, உள்ள இருந்து ஒரு துண்டுச் சீட்டுகூட வெளிய வாங்கிட்டு வராதீங்க, எவ்வளவு கெஞ்சினாலும் சரி, ஒருத்தர் செஞ்சா மொத்த குழுவுக்கும் கதவு மூடிரும். என்ன கேஸ்ல வந்தீங்கன்னு கேக்காதீங்க. ஜாமீன் வாங்கித் தர்றேன்னு வாக்கு குடுக்காதீங்க. எல்லா மதத்துக்காரங்களும் உக்காந்திருப்பாங்க, அவங்க கையைக் கட்டி வச்சிருக்கிற இடத்துல மதம் மாறச் சொல்லிப் பேசுறது நியாயமே கிடையாது, ஆறுதல் சொல்லுங்க, ஜெபிக்கச் சொன்னா ஜெபிங்க.

மதுரை, திருச்சி ரெண்டும் மத்திய சிறை, ரெண்டு ஊர்லயும் பெண்களுக்குத் தனிச் சிறை இருக்கு, அங்க சிஸ்டர்ஸோட பெண்கள் போகணும். புதுக்கோட்டையில சின்ன வயசுக் கைதிப் பசங்களுக்கான பார்ஸ்டல் பள்ளி இருக்கு. நமக்குப் பக்கத்துல காளையார்கோவில் கிட்ட புரசடை உடைப்புல திறந்தவெளிச் சிறை, தண்டனைக் கைதிங்க அங்க விவசாயம் பாக்குறாங்க. தூரம்னு சொல்லித் தப்பிக்க முடியாது. ஓரியூருக்கு வருஷா வருஷம் போறோமே, அந்த அருளானந்தரே (ஜான் டி பிரிட்டோ) 1693ல கொல்லப்படுறதுக்கு முன்னாடி கைதியா இருந்தவர்தானே.

இப்ப நான் முக்கியமா சொல்ல வந்த விஷயம். கைதியை மட்டும் பார்த்துட்டு வந்தா ஊழியம் பாதிதான். அவரால அடிபட்ட குடும்பம்னு ஒண்ணு இருக்கு, பல நேரம் அதே ஊர்ல, அதே கோயில்ல, நாலு பெஞ்சு தள்ளி உக்காந்திருக்கும். அவங்களை யாரு தேடிப் போறா? வரி வசூலிச்ச சக்கேயு ஆண்டவரைப் பார்த்ததும் ஏமாத்துனதை நாலு மடங்கா திருப்பித் தர்றேன்னுதான் சொன்னாரு, வெறும் மன்னிப்போட நிக்கல. பவுல் சிறையில இருந்துகிட்டே பிலமோனுக்கு எழுதுறப்ப, உன் அடிமை ஒனேசிம் உனக்கு ஏதாவது கடன்பட்டிருந்தா என் கணக்குல எழுதிக்கோங்கிறாரு. கணக்கு வழக்குல ஊறின நம்ம செட்டிநாட்டுக்கு இதை விளக்கவே வேண்டாம், ஒருத்தன் பற்றை, அதாவது கடனை, இன்னொருத்தர் ஏத்துக்கிறதுன்னா என்னன்னு நமக்குத் தெரியும்.

இதைத்தான் இப்ப சீரமைப்பு நீதின்னு சொல்றாங்க. 1974ல கனடாவுல எல்மைராங்கிற ஊர்ல ரெண்டு பசங்க ஒரே ராத்திரியில 22 இடத்துல அடிச்சு நொறுக்கிட்டாங்க. மார்க் யான்ட்ஸிங்கிற நன்னடத்தை அலுவலர், மென்னோனைட் சபைக்காரர், இவங்களை அந்த வீட்டுக்காரங்க முன்னாடியே கொண்டுபோயி நிறுத்தலாமேன்னு யோசனை சொல்ல, நீதிபதியும் ஒத்துக்கிட்டாரு. வீடு வீடா போயி பேசி, நஷ்டத்தையும் குடுத்தாங்க. நம்ம நாட்டுல சிஸ்டர் ராணி மரியாவை 1995ல மத்தியப் பிரதேசத்துல பஸ்ஸுல வந்தப்பவே குத்திக் கொன்னாங்க, கொன்ன சமுந்தர் சிங்குக்கு அவங்க தங்கச்சி சிஸ்டர் செல்மி 2002ல சிறைக்கே போயி ராக்கி கட்டினாங்க. கவனிங்க, இடையில ஏழு வருஷம் இருக்கு.

அதனால அவசரப்படுத்தாதீங்க. பாதிக்கப்பட்ட வீட்டுல போயி மன்னிச்சிருங்கன்னு ஆரம்பிச்சா அது ரெண்டாவது அடி. அவங்களுக்கு என்ன போச்சு, இப்ப என்ன வேணும்னு கேட்டு, பேசாம உக்காந்திருங்க. ஆஸ்பத்திரி செலவா, புள்ளைங்க படிப்பா, இல்ல ஏன் இப்படி செஞ்சான்னு ஒரு பதிலா? அரசு இழப்பீட்டுத் திட்டம் இருக்கு, அதே சட்டப் பணிகள் ஆணைக்குழுவுல மனு போட உதவி பண்ணுங்க. உள்ள இருக்கிறவர்கிட்டயும் இதே கேள்வியை வைங்க, யாருக்கு வலிச்சது, அதை எப்படி ஈடுகட்டுவன்னு. அவர் மன்னிப்புக் கடிதம் எழுதினாலும், அந்தப் பக்கம் கேக்குற வரைக்கும் குடுக்காதீங்க.

ரெண்டு எச்சரிக்கை. கேஸ் கோர்ட்ல நடந்துக்கிட்டு இருக்கும்போது கைதி சார்பா பாதிக்கப்பட்டவங்களைப் போய்ப் பார்க்காதீங்க, சாட்சியைக் கலைக்கிறதா ஆயிரும், நல்ல எண்ணத்தோட போனாலும் அப்படித்தான். சமாதானப் பேச்சு எதுவும் வக்கீல், கோர்ட் வழியாத்தான் வரணும். அடுத்து, ஊர்ப் பெரியவங்க உக்காந்து "விட்டுக்குடும்மா"னு அமுக்குறது சீரமைப்பு நீதி இல்ல, அது கட்டப்பஞ்சாயத்து, அதுல ஏழையும் பொம்பளையும்தான் விட்டுக்குடுக்க வேண்டியிருக்கும். குழந்தைங்க மேல நடந்த பாலியல் குற்றம், வீட்டுக்குள்ள நடக்கிற அடி உதை, இதுலயெல்லாம் எதிரெதிரா உக்கார வைக்கிற வேலைக்கே போகாதீங்க.

கடைசியா விடுதலை. தேதி தெரிஞ்ச உடனே வீட்டுல பேசி எங்க தங்குவாருன்னு முடிவு பண்ணிருங்க, சொந்த ஊர்ல ஆபத்துன்னா கொஞ்ச நாள் வேற ஊர். கல்யாண சமையல் காண்ட்ராக்ட், பலகாரக் கடை, ஆத்தங்குடி கல்லு பட்டறை, இங்கெல்லாம் ஆள் தேவை இருந்துக்கிட்டே இருக்கு, ஆனா முதலாளிகிட்ட உண்மையைச் சொல்லித்தான் சேர்த்துவிடணும், மறைச்சா ஒரு மாசத்துல தெரிஞ்சு வெளிய போகச் சொல்லிருவாங்க. ரேஷன் கார்டுல பேர் இருக்கா, ஆதார்ல போன் நம்பர் மாறிப்போச்சா, பேங்க் பாஸ்புக் உயிரோட இருக்கான்னு வெளிய வர்ற வாரத்துக்கு முன்னாடியே பார்த்து வச்சிருங்க, சந்தேகம்னா நன்னடத்தை அலுவலரைக் கேளுங்க.