ஐம்பது விநாடிக் காட்சியும் தவில்காரர் கணக்கும்

மாயவரத்தில் இருந்தபடியே குறும்படங்களுக்குப் பின்னணி இசை அமைக்கிறேன். சினிமா இசைக்கு வர விரும்பும் காவிரிக்கரைப் பிள்ளைகளிடம் முதலில் சொல்வது இதைத்தான்: கீபோர்டு வாங்குவதற்கு முன் ஒரு தவில்காரரிடம் உட்கார்ந்து தாளக் கணக்குப் படியுங்கள்.

படத்தொகுப்பு முடிந்த பிரதி வரட்டும். அதற்கு முன் மெட்டில் கை வைக்காதீர்கள். இரண்டு விநாடி வெட்டினாலும் எல்லாம் நகர்ந்துவிடும். பேச்சோடு ஒருமுறை, ஒலியில்லாமல் ஒருமுறை பார்த்து, இசை எங்கே நுழைகிறது, எங்கே விலகுகிறது என்று தாளில் குறியுங்கள். வசனமே நெஞ்சைத் தொடும் இடத்தில் இசை வேண்டவே வேண்டாம்.

ஒரு காட்சியை எடுத்துக்கொள்வோம். மேட்டூர் திறந்தும் கடைமடைக்குத் தண்ணீர் வரவில்லை. வாய்க்காலைப் பார்த்தபடி வரப்பில் ஒரு பெண் நிற்கிறாள். 50ஆவது விநாடியில் தண்ணீர் தலைகாட்டுகிறது. சினிமாவுக்கு விநாடிக்கு 24 பிரேம். நிமிடத்துக்கு 72 எண்ணிக்கை என்று காலப்பிரமாணம், அதாவது தாளத்தின் வேகம், வைத்தால், எண்ணிக்கைக்கு 20 பிரேம். 50 விநாடிக்கு 60 எண்ணிக்கை. ஆதி தாளத்தில் ஒரு சுற்றுக்கு, அதாவது ஓர் ஆவர்த்தனத்துக்கு, எட்டு எண்ணிக்கை; ஆகவே இது ஏழு ஆவர்த்தனமும் நான்கு எண்ணிக்கையும். தண்ணீர் வரும்போது தாளம் பாதி ஆவர்த்தனத்தில் நிற்கும்.

வேகத்தை முடுக்கி ஒட்டவைக்கப் பார்க்காதீர்கள், அது காதில் உறுத்தும். நான்கு எண்ணிக்கை, அதாவது 80 பிரேம், தள்ளித் தாளத்தைத் தொடங்குங்கள். முதல் மூன்று விநாடிச் சொச்சம் வெறும் காற்று மட்டும் கேட்கட்டும். பிறகு தொடங்கும் தாளம், தண்ணீர் வரும் அதே பிரேமில் சமத்தில், அதாவது சுற்றின் முதல் எண்ணிக்கையில், வந்து விழும். வாசிப்பை முடித்துவைக்கும் கோர்வையை எங்கே எடுத்தால் சமத்துக்கு வரும் என்று அன்றாடம் கணக்குப் போட்டே வாசிக்கும் தவில்காரர்களுக்கு இது பழக்கமான வேலை. எனக்கு இதைவிட நல்ல பள்ளிக்கூடம் தெரியாது.

நரசிங்கம்பேட்டையில் ஆச்சா மரத்தில் கடைகிறார்களே, அந்த நாகஸ்வரத்தைப் பதிவு செய்யும்போது மைக்கை அணசின், அதாவது அடியில் புனல்போல் விரியும் பகுதியின், வாயில் வைக்காதீர்கள். துளைகளிலிருந்தும் நாதம் வருகிறது. சில அடி தள்ளி வைத்தால்தான் முழு வாத்தியமும் கேட்கும். வசனத்துக்கு அடியில் மட்டும் அதை வைக்காதீர்கள், குரலை அமுக்கிவிடும்.

வாய்ப்புக்கு அவசரப்பட வேண்டாம். இளையராஜா, இசையமைப்பாளர் ஜி.கே.வெங்கடேஷிடம் உதவியாளராக இருந்தவர்; 1976இல்தான் இசையமைப்பாளராக அறிமுகமானார். 1992இல் சினிமாவுக்கு இசையமைக்க வருமுன் ஏ.ஆர்.ரகுமான் விளம்பரங்களுக்கு இசையமைத்தார். கல்லூரி மாணவர் எடுக்கும் பத்து நிமிடப் படமும் உங்களுக்குப் பயிற்சிதான்.

சம்பளத்தையும் உரிமையையும் எழுத்தில் வாங்குங்கள். வாசித்தவருக்குப் பதிவன்றே பணம் கொடுங்கள். அவர் பெயரும் ஊரும் டைட்டிலில் வரும் என்று பதிவுக்கு முன்பே இயக்குநரிடம் உறுதி பெற்றுவிடுங்கள்.