செருப்பைக் கழற்றும் முன்: தேள் விஷயத்தில் தவிர்க்க வேண்டியவை

ஆறு மாதமாகப் பூட்டிக் கிடந்த கானாடுகாத்தான் வீட்டைக் கல்யாணத்துக்காகத் திறந்தோம். வீட்டின் இரண்டாம் கட்டுப் பகுதியில் விறகுக் கட்டை ஒன்றைப் புரட்டியதும் அடியில் நட்டுவாக்காலி என்ற பெரிய கருந்தேள். முதுகு நிறைய வெள்ளைவெளேரென்று குட்டிகள், ஒன்றன்மேல் ஒன்றாக. உடன் வந்த அண்ணன் அடிப்பதற்காக உடனே செருப்பைக் கழற்றிவிட்டார்.

எல்லோரும் செய்யும் தவறு அது. குட்டிகள் தாயின் வயிற்றைக் கிழித்துக்கொண்டு பிறக்கும் என்று ஆச்சி சொல்லிக் கேட்டிருக்கிறேன். உண்மையில் தேள் முட்டையிடாது, குட்டி போடும். அவை முதன்முறை தோலுரிக்கும்வரை முதுகில் சுமக்கும். கரப்பான், சுவர்க்கோழி, சிலந்தி எல்லாம் அதற்கு இரை. அதுவோ ஆந்தைக்கும் கீரிக்கும் இரை. கரப்பான் மண்டிய வீட்டுக்குத்தான் தேள் வரும். தேளை நசுக்கிவிட்டுக் கரப்பானை விட்டுவைத்தால் அடுத்த தேள் வரத்தான் செய்யும்.

வீடு முழுக்க மருந்தடிப்பதும் வீண் செலவு. சுண்ணாம்புச் சுவர் வெடிப்புக்குள் பதுங்கியதை மருந்து எளிதில் எட்டாது. இரை இல்லாமலே மாதக்கணக்கில் கிடக்கக்கூடிய பிராணி அது! வெடிப்பைப் பூசுங்கள், விறகைச் சுவரை விட்டுத் தள்ளி அடுக்குங்கள்.

பெரிய தேள்தான் ஆபத்து என்று நினைப்பது இன்னும் மோசம். தடித்த கொடுக்குக் கைகளோடு பயமுறுத்தும் நட்டுவாக்காலி கொட்டினால் வலி உண்டு, உயிருக்கு ஆபத்து அரிது. கைகள் மெலிந்து, வால் தடித்த சிறிய செந்தேள்தான் குழந்தைகளைக் கொல்லக்கூடியது. அது கொட்டினால் கீறுவது, கட்டுப்போடுவது, மந்திரிப்பது எதுவும் வேண்டாம். வியர்த்துக் கொட்டி, வாந்தி எடுத்து, கைகால் சில்லிட்டால் நொடியும் தாமதிக்காமல் மருத்துவமனைக்குப் போக வேண்டும். மகாராஷ்டிரத்தின் மகாட் ஊரில் மருத்துவர் ஹிம்மத்ராவ் பாவஸ்கர் பிரசோசின் என்ற ரத்தக்கொதிப்பு மாத்திரையைக் கொடுத்துப் பல உயிர்களைக் காத்தார். 2022-இல் பத்மஸ்ரீ பெற்றார்.

‘தேளுக்கு மணியம் கொடுத்தால் ஜாமத்துக்கு ஜாமம் கொட்டும்’ என்பார்கள். பாவம், அதன் மேல் வீண்பழி. தீர்ந்த விஷம் மறுபடி ஊறப் பல நாளாகும். அதனால் சிக்கனமாகத்தான் செலவழிக்கும். விறகுக்குள் வெறுங்கையை விடுவது நாம்தானே?

தாயையும் குட்டிகளையும் நீளத் துடைப்பத்தால் முறத்தில் தள்ளி, ஊரணிக்கரைக் கற்குவியலில் விட்டோம். கள்ளநோட்டுப் பார்க்கும் புற ஊதா விளக்கை அன்றிரவு கொல்லைச் சுவரில் அடித்தோம். இடுக்கில் பச்சையாக மின்னியபடி இன்னும் மூன்று. அண்ணன் செருப்பை மாட்டிக்கொண்டே நின்று பார்த்தார்.