வாசிகசாலைச் சுவரில் மூன்றாம் பாலின வரலாறு: கண்காட்சி வைப்பவர்களுக்கு

வன்னியில் சனசமூக நிலைய வாசிகசாலை என்றால் பெரும்பாலும் ஒரு மண்டபமும் ஒரு நீளச் சுவரும்தான். அதற்கு ஏழு பிரிஸ்டல் போட் போதும். கூடினால் கடைசி மட்டையை எவரும் வாசிப்பதில்லை. தலைப்பெழுத்து 4 சென்ரிமீற்றர், உள்ளெழுத்து 2 சென்ரிமீற்றர், ஒரு மட்டைக்கு 40 சொல். தகரக் கூரை வெக்கையில் செலோரேப் மத்தியானத்துக்குள் கழன்றுவிடும். ஆணிக்கு ஆணி நைலோன் கயிறு கட்டி, உடுப்புக் கிளிப்பால் கொளுவுங்கள்.

முதல் மட்டை தமிழாக இருக்கட்டும். பசிபிக் தீவு நாடான சமோவாவில் தொடங்கினால் "இது வெளிநாட்டு விசயம்" என்று கடந்துவிடுவார்கள். தொல்காப்பியச் சொல்லதிகாரம் சொல்கிறது: "ஆண்மை திரிந்த பெயர்நிலைக் கிளவி / ஆண்மை அறிசொற்கு ஆகிடன் இன்றே." ஆண்மை திரிந்தவரைக் குறிக்கும் பெயர் ஆண்பால் வினை கொண்டு முடியாது. பேடி வந்தாள் என்பதே வழக்கு, வந்தான் அல்ல. இதைத்தான் எல்லாவற்றிலும் பெரிதாக எழுதவேண்டும். 'பேடி', 'அலி' என்ற பழஞ்சொற்கள் இன்று வசையாகிவிட்டதால் மேற்கோளுக்கு வெளியே வரக்கூடாது. இன்றுள்ளவர்களுக்குத் திருநங்கை, திருநம்பி என்றே எழுதுங்கள். வினை 'வந்தார்'.

அடுத்தது தமிழ்நாட்டுக் கூவாகம் கோயில் திருவிழா. பாரதக் கதை கேட்டு வளர்ந்த ஊர்களில் அரவானை அறிமுகப்படுத்தத் தேவையில்லை. சித்திரைப் பௌர்ணமியையொட்டித் திருநங்கைகள் கூத்தாண்டவர் என்று அங்கே கும்பிடப்படும் அரவான் பேரில் தாலி கட்டி, மறுநாள் அறுக்கிறார்கள். அறுக்கும் படத்தை மட்டும் ஒட்டினால் அழுகைதான் இவர்கள் வாழ்க்கை என்று பதிந்துவிடும். கட்டும் படமும் பக்கத்தில் வேண்டும்.

இந்த இடத்தில் கேள்வி வரும்: கோவலன் கூத்தில் பெண் வேடம் கட்டிய ஆண்களும் இப்படித்தானா? இல்லை. அது பாத்திரம், வேடம் கலைந்ததும் முடிந்துவிடும். பாலினம் அப்படியல்ல. விளக்கம் சொல்ல நிற்பவர் இதைத் தடுமாறாமல் சொல்லப் பழகியிருக்க வேண்டும்.

உலக மட்டைகளில் ஊர், அந்த மக்களே வைத்த பெயர், அவர்கள் செய்த வேலை மூன்றும் இருக்கவேண்டும். இந்தோனேசியாவின் தெற்குச் சுலாவெசியில் உள்ள புகிஸ் மக்கள் ஐந்து பாலினம் சொல்வார்கள்: ஒரோவானே ஆண், மக்குன்றாய் பெண், சலபாய் ஆணுடலில் பிறந்து பெண்போல் வாழ்பவர், சலலாய் அதன் மறுதலை, பிஸ்ஸு சடங்கு செய்யும் பூசகர். கலியாண வீட்டு ஏற்பாடுகளில் சலபாய்களுக்குத் தனியிடம் உண்டு. நம்மவர்களுக்கு உடனே பிடிபடும் தகவல் இது. சமோவாவின் ஃபாஃபாஃபினேயும் மெக்சிக்கோ சபோத்தெக் மக்களின் முஷேயும் ஆணுடலில் பிறந்து பெண்போல் வாழ்பவர்கள்; இருவரும் ஒரு மட்டைக்குள் அடங்கும்.

அல்பேனியாவின் புர்னேஷாவைத் தனியே தொங்கவிடுங்கள். அங்கே மணம் செய்வதில்லை என்று சபதமெடுத்த பெண் ஆணின் உரிமைகளோடு வாழ்ந்தார். ஆண் வாரிசில்லாத வீடும் விருப்பமில்லாத கலியாணமும் அதற்குக் காரணங்களாக இருந்தன. வட அமெரிக்கப் பழங்குடிகளின் 'டூ ஸ்பிரிட்' (ஆண், பெண் இரு ஆவியும் உடையவர்) என்ற சொல்லுக்குப் 'பண்டைய' என்று அடைமொழி போடுவது வழமையான பிழை. அது 1990இல் கனடாவின் வினிபெக் நகரில் நடந்த பழங்குடியினர் கூட்டத்தில் ஏற்கப்பட்ட பொதுச்சொல். சூனி மக்களின் 'லமானா' போன்ற இனத்துக்குரிய சொற்களே பழையவை.

கடைசியில் சட்டம். மூன்றாம் பாலினத்தை ஏற்ற நேபாள உச்ச நீதிமன்றத் தீர்ப்பு 2007, இந்திய உச்ச நீதிமன்றத் தீர்ப்பு 2014 ஏப்ரல் 15. இலங்கையில் 2016 சுகாதார அமைச்சின் சுற்றறிக்கைப்படி, மனநல வைத்திய நிபுணர் தரும் பாலின அங்கீகாரச் சான்றிதழைக் கொண்டு பிறப்புச் சான்றிதழைத் திருத்தலாம். ஆனால் ஆண் அல்லது பெண் என்று மட்டுமே. மூன்றாவது தெரிவு இருப்பதாக எழுதிவிட்டால், அதை நம்பிக் கச்சேரிக்கு (மாவட்டச் செயலகத்துக்கு) போகிறவர்தான் அலைவார்.

உள்ளூர்த் திருநங்கைகளின் படமோ பெயரோ எந்த மட்டையிலும் வேண்டாம். கைபேசியில் எடுத்த படம் பின்னேரத்துக்குள் அவர் வீட்டுப் படலைக்குப் போய்விடும்.