ஒரே பெயர், இரண்டு வேவ்லெட்: எது எது என்று கண்டுகொள்வது எப்படி

என் தம்பி மகள் கணிதத்தில் ஆய்வு செய்கிறாள். போன வருஷம், இரைச்சலைக் குறைக்க அவள் எழுதியிருந்த நிரலைச் சோதித்துப் பார்க்க, ஒரு நில அதிர்வுப் பதிவை அனுப்பிவைத்தேன். மறுநாளே சுத்தம் செய்து திருப்பி அனுப்பிவிட்டாள். பார்த்ததும் ஃபோன் போட்டேன்.

"வேவ்லெட் எப்படிம்மா இருக்கு?"

"டிபி4 பெரியப்பா. அஞ்சு லெவல்."

"அது இல்லம்மா. ஜீரோ ஃபேஸா, மினிமம் ஃபேஸா?"

"வேவ்லெட்டுக்கு எதுக்கு பெரியப்பா ஃபேஸ்?"

கால் மணி நேரம் இப்படியே போனது. எண்ணெய் தேடும் வேலையில், நில அதிர்வுத் தரவு பிராசஸிங்கில் 27 வருஷம் இருந்தவன் நான். ஒரு நாளைக்கு நாற்பது தடவையாவது வேவ்லெட் என்று சொல்லியிருப்பேன். அவளும் அப்படித்தான். ஆனால் அவள் சொன்ன பொருள் வேறு, நான் சொன்ன பொருள் வேறு. இரு துறைக் கட்டுரைகளையும் சேர்த்துப் படிக்க வேண்டியவர்களுக்கு இந்தக் குழப்பம் வராமல் போகாது. அவளுக்குச் சொன்னதையே இங்கே எழுதிவைக்கிறேன்.

முதலில் என் வேவ்லெட்

தரையில் துளை போட்டு டைனமைட் வெடிக்கிறோம் என்று வையுங்கள். அந்த ஒரு அதிர்ச்சி கீழே போகிறது. ஒவ்வொரு பாறை அடுக்கின் எல்லையிலும் ஒரு பங்கு திரும்பி வருகிறது. திரும்பி வருவது எல்லாம் ஒரே உருவத்தின் பிரதிகள்: ஒன்று பெரிசு, ஒன்று சிறிசு, ஒன்று தலைகீழ். பத்து மில்லிசெகண்ட் இடைவெளியில் வந்தால் ஒன்றின் மேல் ஒன்று ஏறிக்கொள்ளும். தரைமேல் வைத்த ஜியோஃபோன் என்ற அதிர்வுமானி பதிவு செய்வது இவை எல்லாம் சேர்ந்த கூட்டுத்தொகையை. அந்தப் பிரதிகளுக்கெல்லாம் மூலமான உருவம் இருக்கிறதே, அதைத்தான் நாங்கள் வேவ்லெட் என்போம்.

அதை நாங்கள் தேர்ந்தெடுப்பதில்லை. வெடிமருந்தும் மண்ணும் கருவியும் சேர்ந்து கொடுப்பதுதான். டைனமைட் கொடுக்கும் துடிப்பில் பலமெல்லாம் தொடக்கத்திலேயே இருக்கும், பிறகு தேய்ந்துபோகும். அது ஏறத்தாழ மினிமம் ஃபேஸ். வைப்ரோசைஸ் லாரி வேறு மாதிரி: தரையில் தகட்டை அழுத்தி, 8 ஹெர்ட்ஸில் ஆரம்பித்து 80 ஹெர்ட்ஸ் வரை பத்துப் பன்னிரண்டு வினாடிக்கு அதிர்ந்துகொண்டே போகும். பதிவை அந்த ஏறும் அதிர்வோடு (ஸ்வீப் என்போம்) ஒப்பிட்டுச் சுருக்கினால் இரு பக்கமும் சமச்சீரான ஒரு துடிப்பு கிடைக்கும். அதற்குக் கிளாடர் வேவ்லெட் என்று பெயர். சமச்சீராக இருந்தால் ஜீரோ ஃபேஸ்.

நான் ஏன் ஃபேஸைப் பற்றி அவ்வளவு நச்சரித்தேன் என்றால், ஜீரோ ஃபேஸில் உச்சி அடுக்கின் எல்லையிலேயே உட்காரும். மினிமம் ஃபேஸில் உச்சி கொஞ்சம் தாமதித்து வரும். 8 மில்லிசெகண்ட் தாமதம் என்றால், வினாடிக்கு 3000 மீட்டர் வேகமுள்ள பாறையில், போய்வரும் நேரத்தைப் பாதியாக்கினாலும் 12 மீட்டர் ஆழ வித்தியாசம். துளை போடுகிறவரிடம் 12 மீட்டரை விளையாட்டாகச் சொல்ல முடியாது.

என் தொழிலில் பாதி நேரம் இந்த வேவ்லெட்டை மதிப்பிட்டு, அதைப் பதிவிலிருந்து கழற்றி எறிவதிலேயே போகும். அதற்கு டீகன்வல்யூஷன் என்று பெயர். எம்ஐடியில் எண்டர்ஸ் ராபின்சன் 1954 ஆய்வேட்டில் இதற்கு அடித்தளம் போட்டார். ஆக எனக்கு வேவ்லெட் என்பது பாதி அடையாளம், பாதி அழுக்கு.

அவளுடைய வேவ்லெட்

அவளுக்கு அது அளவுகோல். கையில் ஒரு சிறிய அலைத்துண்டை அவளே தேர்ந்தெடுத்துக்கொள்கிறாள். அதை இழுத்தும் சுருக்கியும், இடம் நகர்த்தியும், தரவின் மேல் வைத்துப் பார்க்கிறாள். எங்கே எவ்வளவு பொருந்துகிறது என்று எண்களாகக் குறித்துக்கொள்கிறாள். தாய் வேவ்லெட் ஒன்றுதான். அதன் இழுத்த, சுருக்கிய பிரதிகள் ஒரு குடும்பம். தரவில் அந்த உருவம் இருக்கவேண்டும் என்ற கட்டாயம் கிடையாது. துணியில் அங்குலக் கோடுகள் இல்லை என்பதற்காகத் தையல்காரர் டேப்பைக் கீழே வைத்துவிடுகிறாரா?

ஆகவே எந்தக் கட்டுரையைப் படித்தாலும் முதலில் ஒன்றைக் கேளுங்கள்: இந்த வேவ்லெட் தரவுக்குள் இருப்பதா, வெளியிலிருந்து கொண்டுவந்து தரவின் மேல் வைத்ததா? உள்ளே இருப்பதென்றால் என்னுடையது. மேலே வைத்ததென்றால் அவளுடையது. பக்கத்தில் நிற்கும் சொற்களே பெரும்பாலும் காட்டிக்கொடுத்துவிடும். எடுத்தோம், மதிப்பிட்டோம், சுழற்றினோம், கிணற்றோடு பொருத்தினோம், போலாரிட்டி சரிபார்த்தோம் என்று வந்தால் புவி இயற்பியல். லெவல், கெழு, தாய், ஸ்கேல், ஆர்த்தோகனல், மறையும் திருப்புதிறன் (எளிய வளைகோடுகளை வேவ்லெட் எந்த அளவு வரை கண்டுகொள்ளாது என்ற கணக்கு) என்று வந்தால் கணிதம்.

வேடிக்கை என்னவென்றால், இந்த இரண்டும் ஒரே வீட்டிலிருந்து பிரிந்தவை. எல்ஃப் அகிட்டேன் என்ற பிரெஞ்சு எண்ணெய் நிறுவனத்தின் பொறியாளர் ழான் மொர்லே எங்களைப் போல நில அதிர்வுப் பதிவோடு மல்லுக்கட்டியவர். அப்போது கையில் இருந்தது 1946-இல் இயற்பியலாளர் டென்னிஸ் காபோர் தந்த முறை: பதிவை ஒரு ஜன்னல் வழியாகத் துண்டு துண்டாகப் பார்ப்பது. ஜன்னலின் அகலம் மாறாது, அதற்குள் எத்தனை நெளிவு என்பதுதான் மாறும். உயர் அதிர்வெண்ணில் அந்த ஜன்னல் தேவைக்கு மேல் அகலம். தாழ் அதிர்வெண்ணில் போதவில்லை. மொர்லே அதைத் திருப்பிப் போட்டார். நெளிவுகளின் எண்ணிக்கையை மாற்றாமல், மொத்த உருவத்தையும் ஒரே ஃபோட்டோவைப் பல அளவில் பிரிண்ட் போடுவது போலச் சுருக்கி விரித்தார். மார்செய் நகரத்து இயற்பியலாளர் அலெக்ஸ் கிராஸ்மன் அதற்குக் கணித அடிப்படை கொடுத்தார். 1984-இல் இருவரும் வெளியிட்ட கட்டுரையின் தலைப்பிலேயே 'மாறா வடிவமுள்ள வேவ்லெட்டுகள்' என்று ஒரு அடைமொழி ஒட்டியிருக்கும். எங்கள் தொழிலில் ஏற்கெனவே புழங்கிய சொல் அது. வேறுபடுத்திக் காட்ட அந்த அடைமொழி தேவைப்பட்டது. பிறகு கணிதக்காரர்கள் அடைமொழியைக் கழற்றிவிட்டுச் சொல்லை மட்டும் வைத்துக்கொண்டார்கள். வினை அங்கேதான் ஆரம்பித்தது. அந்தக் கணிதத்தை வளர்த்த ஈவ் மேயருக்கு 2017-இல் ஆபெல் பரிசு கிடைத்தது.

இரண்டு பக்கமும் உட்காரும் ரிக்கர்

புவி இயற்பியலாளர் நார்மன் ரிக்கர் 1940-களில் தொடங்கி, 1953 கட்டுரையில் விரிவாகச் சொன்ன உருவம் இது. நடுவில் ஒரு மேடு, இரு பக்கமும் ஒவ்வொரு பள்ளம். பாத்தி கட்டும்போது இரு பக்கமும் மண்ணை வெட்டி நடுவில் வரப்பாகப் போடுவோமே, அதே கணக்கு: பள்ளங்களில் போன மண்ணும் மேட்டில் ஏறிய மண்ணும் சரிசமம். மொத்தம் பூஜ்யம். கணிதக்காரர்கள் வேவ்லெட் என்று ஒப்புக்கொள்ள வைக்கும் முதல் நிபந்தனையும் அதுதான், சராசரி பூஜ்யமாக இருக்கவேண்டும். அதனால் ரிக்கரை அவர்களும் எடுத்துக்கொண்டு 'மெக்சிகன் தொப்பி' என்று பெயர் வைத்தார்கள். (மொர்லேயின் பெயரிலேயே உள்ள வேவ்லெட்டுக்கு இந்த நிபந்தனை அப்பழுக்கில்லாமல் பொருந்தாது, சின்னத் திருத்தம் வேண்டும். நடைமுறையில் யாரும் கண்டுகொள்வதில்லை.)

பெயர் இரண்டு, உருவம் ஒன்று. ஆனால் அளவைச் சொல்லும் விதம் வேறு. நாங்கள் அதிர்வெண்ணில் சொல்வோம்: 25 ஹெர்ட்ஸ் ரிக்கர். அவர்கள் அகலத்தில் சொல்வார்கள்: சிக்மா இவ்வளவு. நடு உச்சியிலிருந்து கோடு பூஜ்யத்தைத் தொடும் இடம் வரை உள்ள தூரமே சிக்மா. மாற்றிக்கொள்ள ஒரு எண் போதும்: 0.225-ஐ சிக்மாவால் வகுத்தால் அதிர்வெண். சிக்மா 9 மில்லிசெகண்ட் என்றால் 0.225 வகுத்தல் 0.009, சரியாக 25 ஹெர்ட்ஸ்.

இது தெரியாமல் நான் அசடு வழிந்த கதையையும் சொல்லிவிடுகிறேன். பைதானில் ஒரு நூலகத்தில் ரிக்கர் என்ற பெயரிலேயே ஒரு செயற்கூறு இருந்தது. ஆகா, நம்ம ஆள் என்று 25 என்று கொடுத்தேன். வந்தது பானை வயிறு மாதிரி ஒரு துடிப்பு. அதை வைத்துச் செய்த செயற்கைப் பதிவில் அடுக்குகள் எல்லாம் ஒன்றோடொன்று கரைந்து கிடந்தன. அரை நாள் அடுக்கு மாதிரியில் தப்பு தேடினேன். கடைசியில் கையேட்டைப் படித்தால், அது கேட்பது அகலம், அதுவும் எத்தனை மாதிரிப் புள்ளி என்று. என் பதிவில் ஒரு புள்ளிக்கு 2 மில்லிசெகண்ட். 25 புள்ளி என்றால் 50 மில்லிசெகண்ட், 0.225 வகுத்தல் 0.05, வெறும் 4.5 ஹெர்ட்ஸ்! 25 ஹெர்ட்ஸ் வேண்டுமென்றால் கொடுக்கவேண்டிய அகலமும் 4.5 புள்ளிதான். பெயர் எங்களுடையது, அளவு மட்டும் அவர்களுடையது. எந்த மென்பொருளிலும் ரிக்கரைத் தொடும் முன், கேட்பது ஹெர்ட்ஸா அகலமா என்று பார்த்துக்கொள்ளுங்கள்.

இன்னொரு பிசகு, இது என்னிடம் வேலை பழகியவர்கள் எல்லாம் செய்தது. காகிதத்தில் இரு பள்ளங்களுக்கும் நடுவே ஸ்கேல் வைத்து அளப்பார்கள், 31 மில்லிசெகண்ட் வரும், அதைத் தலைகீழாக்கி 32 ஹெர்ட்ஸ் என்பார்கள். தப்பு. பள்ளத்துக்குப் பள்ளம் உள்ள தூரத்தால் 1-ஐ அல்ல, 0.78-ஐ வகுக்கவேண்டும். அப்போது அதே 25 வரும்.

ஸ்கேல், லெவல், டிபி

ஸ்கேல் என்ற சொல்லிலும் கவனம். அவர்கள் பெரிய ஸ்கேல் என்றால் இழுத்து நீட்டிய வேவ்லெட், அதாவது தாழ்ந்த அதிர்வெண். என்னைப் போல வரைபடத்தோடு வாழ்ந்தவனுக்குப் பெரிய ஸ்கேல் என்றால் நுணுக்கம் அதிகம். நேர் எதிர். லெவல் என்பது, இப்படி இரட்டிப்பு இரட்டிப்பாக எத்தனை தடவை இழுத்துப் பார்த்தார்கள் என்ற கணக்கு.

டிபி என்பது கணிதவியலாளர் இங்க்ரிட் டோப்ஷீ 1988-இல் கொடுத்த வேவ்லெட் குடும்பம். இங்கே எண்ணிலேயே ஒரு சிக்கல். சில நூல்கள் வடிகட்டியில் (தரவின் மேல் ஓட்டும் எண்வரிசை) உள்ள எண்களைக் கணக்கிட்டு டி4 என்கின்றன. சில மென்பொருள்கள் மறையும் திருப்புதிறன்களைக் கணக்கிட்டு அதையே டிபி2 என்கின்றன. என் தம்பி மகள் சொன்ன டிபி4-இல் எட்டு எண்கள். பெயரை நம்பாமல் எண்களை எண்ணிப் பார்ப்பதே மேல். என் கேள்விக்குப் பதிலும் இந்தக் குடும்பத்திலேயே இருக்கிறது: ஹார் எனப்படும் டிபி1 ஒன்றைத் தவிர, டிபியில் எதுவும் சமச்சீர் கிடையாது. ஆக அவளுடைய வேவ்லெட்டுக்கு ஜீரோ ஃபேஸ் இல்லை, அவளுக்கு அது தேவையும் இல்லை. அவள் சுத்தம் செய்த பிறகு என் வேவ்லெட்டின் உருவம் கெடாமல் இருந்ததா என்பதுதான் நான் கேட்டிருக்க வேண்டிய கேள்வி. (கெடவில்லை. உயர் அதிர்வெண்ணில் கொஞ்சம் மழுங்கியிருந்தது.)

இரண்டு பொருளும் ஒரே பத்தியில் வரும் கட்டுரைகள் உண்டு. கிணற்றுத் தரவோடு பொருத்தி வேவ்லெட் எடுத்தோம், பிறகு வேவ்லெட் மாற்றத்தால் (டிரான்ஸ்ஃபார்ம்) இரைச்சலைக் குறைத்தோம் என்று மூச்சு விடாமல் எழுதியிருப்பார்கள். நான் சிவப்பு, நீலம் இரண்டு பேனா எடுத்து ஒவ்வொரு வேவ்லெட்டையும் சுழித்துவிட்டுத்தான் படிப்பேன். எந்த நிறம் போடுவது என்று எனக்கே தெரியாத இடம் வந்தால், பெரும்பாலும் எழுதியவருக்கும் தெரிந்திருக்காது.

பள்ளிக்கூடத்து ஹைகன்ஸையும் மறக்கக்கூடாது. அலைமுகப்பின் ஒவ்வொரு புள்ளியும் ஒரு புது அலையைக் கிளப்பும் என்று 1690-இல் அச்சான நூலில் சொன்னாரே, ஆங்கிலத்தில் அதற்கும் இதே பெயர்தான். எதிரொலிகளை அவை கிளம்பிய இடத்துக்கே நகர்த்தி வைக்கும் எங்கள் மைக்ரேஷன் வேலையில் அந்தப் பொருள் இன்னும் உயிரோடு இருக்கிறது. வட்டமாகப் பரவுவது என்று வந்தால் அது ஹைகன்ஸ்.

அப்புறம், தமிழில் எழுதும்போது என்ன சொல்வது? சிற்றலை என்பது முதலில் வாயில் வரும். ஆனால் என் வயதுக்காரர்களுக்குச் சிற்றலை என்றால் வானொலிதான். சிற்றலை வரிசை 41 மீட்டர் என்று கேட்டுக் கேட்டு வளர்ந்த காது இது. முள்ளைத் திருப்பினால் இரைச்சலோடு எங்கிருந்தோ குரல் வரும். குளத்தில் கல் போட்டால் வருவதும் சிற்றலைதான். என் யோசனை இது: நில அதிர்வில் வருவதைத் துடிப்பு என்று எழுதிவிடலாம், எங்கள் ஆட்களுக்கு உடனே புரியும். கணிதத்தில் வருவதை வேவ்லெட் என்றே விட்டுவிடலாம், தலைப்பில் ஒருமுறை சிற்றலை என்று போட்டுக்கொண்டு. தம்பி மகளிடம் சொன்னேன். அவளுக்குப் பிடிக்கவில்லை. தாய் வேவ்லெட் என்று ஒன்று இருக்கும்போது மற்றதெல்லாம் குட்டிதானே என்கிறாள். அலைக்குட்டி என்றே எழுதப்போகிறாளாம்.